கண்டதை மட்டும் சொன்ன செபா அண்ணா

அந்த வியாழக்கிழமை காலை பத்து மணிபோல நான் வேலையில் நின்றேன். ரொறன்ரோ மோர்னிங்சைட்டில் ஒரு பேக்கரியில் மஃபின்களைப் பெட்டிக்குள் அடுக்குகிற லைன் எனக்கு. சுப்பவைசர் வந்து தோளில் தட்டி, ஒஃபிசில் ரெலிபோன் என்று கையால் காட்டினா. நல்ல செய்தி சொல்ல யாரும் வேலை இடத்துக்கு ரெலிபோன் எடுப்பதில்லை. கையுறையைக் கழற்றாமலே ரிசீவரைப் பிடித்தேன். அண்ணாவின் ஃபக்டரி போர்மன் கீத் பேசினார். "றோஸ்" என்றார். பிறகு, அண்ணாவை அவர்கள் கூப்பிடுகிற மாதிரி, "செப்" என்றார். பிறகு ஒன்றும் பேசவில்லை. எனக்கு இங்கிலிஷ் அவ்வளவாக விளங்காது. அவர் பேசாமல் நின்றதில் எல்லாம் விளங்கிவிட்டது.

அரை மணித்தியாலத்தில் கீத் தன் காரில் வந்து என்னை ஆஸ்பத்திரிக்கு ஏற்றிக்கொண்டு போனார். வழி நெடுக ஒரு கையால் ஸ்டியரிங்கைப் பிடித்துக்கொண்டு மற்றக் கையால் கண்ணைத் துடைத்தபடி வந்தார். அண்ணா மெசினுக்குப் பக்கத்தில் நின்றபடியே விழுந்தாராம். நாங்கள் போய்ச் சேர முன்னமே முடிந்துவிட்டது. அவருக்கு ஐம்பத்திரண்டு வயது.

அண்ணாவின் முப்பத்தோராம் நாள் பூசைக்கு நினைவு மலர் அடிக்கிறோம், நீங்களும் எழுதித் தாருங்கோ என்று கோயில் ஆட்கள் கேட்டார்கள். நான் ஐந்தாம் வகுப்போடு நின்றவள். முதலில் மாட்டேன் என்றேன். பிறகு யோசித்தேன். கோயிலில் எல்லாருக்கும் அவரைப் பாட்டுக்குழுவில் கடைசி வரிசையில் நிற்கிற அமைதியான மனிதராகத்தான் தெரியும். சனிக்கிழமைகளில் அவர் எங்கே போனார், அங்கே அவர் யார் என்பது உங்களில் பலருக்குத் தெரியாது. அது தெரிந்த வெள்ளைக்காரருக்குத் தமிழ் தெரியாது. இரண்டும் தெரிந்தவள் நான் ஒருத்திதான். இன்னொன்றும் எனக்கு மட்டும்தான் தெரியும். அதையும் எழுதவேண்டும்.

செபா அண்ணா என்கிற செபஸ்தியான் எனக்குப் பத்து வயது மூத்தவர். ஊரில் கூட்டுறவுச் சங்கக் கடையில் நின்றார். கோயில் திருநாளுக்கு நடக்கும் உதைபந்தாட்டப் போட்டிகளில் லைன் ஓரமாகக் கொடி பிடிப்பார். அந்தக் காலத்திலேயே எங்கள் ஊர் ஆட்களுக்கு அவரில் கோபம். சொந்த ஊர் ரீமுக்கு எதிராகவும் கொடியைத் தூக்குவார். எங்கள் ஐயாவே ஒருமுறை, "உவன் ஆற்ர பக்கம்?" என்று மைதானத்தில் நின்று பேசியது எனக்கு நினைவிருக்கிறது.

அவர் எண்பத்தேழில் கனடாவுக்கு வந்தார். நான் தொண்ணூற்றொன்றில் வந்தேன். இடையில் நடந்ததைச் சொல்லாமல் மற்றதைச் சொல்ல முடியாது.

என் மனுசன் ஒருநாள் சந்தியில் நடந்த ஒன்றைக் கண்டார். வந்து விசாரித்த ஒருவரிடம், "ஓம், நான் கண்டனான்" என்று சொன்னார். அவ்வளவுதான் அவர் செய்தது. இரண்டு நாள் கழித்து ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் சைக்கிளில் இரண்டு பேர் வந்தார்கள். சத்தம் போடவில்லை. "அக்கா, பயப்பிடாதேங்கோ. அண்ணையோட ஒரு விசயம் கதைக்கவேணும், உடனை விட்டிடுவம்" என்று சிரித்த முகத்தோடு சொன்னார்கள். நான் தேத்தண்ணி போட அடுப்பில் கேத்திலைக் கூட வைத்தேன். அவர் திரும்பி வரவில்லை. வந்தவர்கள் யார் என்று எழுத எனக்கு இன்றைக்கும் பயம்.

அதற்குப் பிறகு எனக்கு மிஞ்சியது அண்ணா ஒருவர்தான். அவர் கலியாணம் கட்டவில்லை. டோர்செட் பார்க்கில் ஒன்பதாம் மாடியில் எங்கள் இரண்டு பேருக்கும் ஒரு அப்பார்ட்மென்ட். கதவு தட்டினால் நான் குளியலறைக்குள் போய் நின்றுகொள்வேன். அவர்தான் திறப்பார். அவர் வேலையால் வரப் பத்து நிமிசம் பிந்தினால் யன்னலடியில் நின்று ஒவ்வொரு பஸ்ஸாக எண்ணுவேன்.

இப்படி இருக்கிற காலத்தில்தான் கீத் அவரை அந்த விளையாட்டுக்கு இழுத்தார்.

கீத் அவுஸ்திரேலியாக்காரர். அவர்களுடைய நாட்டில் முட்டை வடிவப் பந்தை வைத்து விளையாடுகிற ஒரு உதைபந்தாட்டம் இருக்கிறது. கையால் பிடிக்கலாம், குத்தலாம், காலால் அடிக்கலாம், ஆளோடு ஆள் மோதலாம். ரொறன்ரோவில் இருக்கிற அவுஸ்திரேலியாக்காரரும் அவர்களோடு சேர்ந்த கனடாக்காரரும் கோடை காலத்துச் சனிக்கிழமைகளில் கிரிக்கெட் மைதானங்களில் இதை விளையாடுவார்கள். தொண்ணூற்றிரண்டில் ஒரு சனிக்கிழமை அம்பயர் ஒருவர் வரவில்லை. "செப், நீ வந்து கம்பத்துக்கு நடுவில் நின்றால் போதும்" என்று கீத் கேட்டாராம்.

அன்றைக்குப் பின்னேரம் அண்ணா வீட்டுக்கு வந்தபோது அவர் முகத்தில் பத்து வயது குறைந்திருந்தது. சமையலறையில் நின்று இரண்டு துவாயை எடுத்துக் கொடி மாதிரி வீசிக் காட்டினார்.

"நாலு கம்பம் நட்டிருக்கும் பிள்ளை. நடுக் கம்பம் ரெண்டுக்குள்ளால காலால அடிச்சா ரெண்டு கொடி. அதுக்கு அங்காலயோ இங்காலயோ போனா ஒரு கொடி. எனக்கு டொக்ரர் மாதிரி வெள்ளைக் கோட்டும் தந்தவங்கள்."

"அடிபடேல்லையோ?"

"எனக்கேன் அடி? நான் கொடியை வீசினா மற்ற அந்தத்தில நிக்கிற அம்பயரும் உடனை வீசுவார். 'நீ காட்டினதை நானும் கண்டிட்டன்' எண்டு அர்த்தம். அவர் வீசுமட்டும் நான் பாத்துக்கொண்டு நிக்கவேணும். ஒருத்தர் மட்டும் கண்டாப் போதாது கண்டியோ."

அந்தச் சமையலறையில் அவர் அப்படிச் சிரித்ததை நான் அதற்கு முன் கண்டதில்லை.

அடுத்த வருடம் அவரை எல்லைக் கோட்டில் ஓட விட்டார்கள். பந்து வெளியே போனால் அந்த அம்பயர் மைதானத்துக்கு முதுகைக் காட்டி நின்று, தலைக்கு மேலால் பந்தைப் பின்பக்கமாக உள்ளே எறியவேண்டும். அதற்கு அடுத்த வருடம் விசிலைக் கையில் கொடுத்து நடுவில் விட்டார்கள். நடு அம்பயர் பந்தை நிலத்தில் குத்தி உயர எழுப்பிவிட்டு, இரண்டு பக்கத்து ஆட்களும் பாய்ந்து வரமுன் பின்பக்கமாக ஓடி விலகவேண்டும். இதையெல்லாம் அவர் எங்கள் கட்டடத்துக் கார் பார்க்கில்தான் பழகினார்.

ஏழாம் மாடி ஞானம் அன்ரி லிஃப்டுக்குள் என்னைப் பிடித்து, "றோஸ், உன்ர கொண்ணை பின்பக்கமா ஓடுறார். ஆளுக்குச் சுகமில்லையோ?" என்று கேட்டா.

"அது விளையாட்டு அன்ரி."

"விளையாடுற வயசே? பந்தையும் பாக்காமல் எறியிறார். எங்கட வான் கண்ணாடியில பட்டால் தெரியும்."

அண்ணாவிடம் சொன்னேன். "அன்ரிக்குச் சொல்லு, எறியமுன்னம் அவவின்ர வான் எங்க நிக்குதெண்டு பாத்திட்டுத்தான் திரும்பிறனான் எண்டு" என்றார். ஒருநாளும் வானில் படவில்லை.

நான் மைதானத்துக்குப் போகவில்லை. போகச் சொல்லிக் கேட்பார். ஆறடி ஆட்கள் முட்டி மோதுகிற இடத்தில், எல்லாரும் சேர்ந்து ஒருவரைப் பார்த்துக் கத்துகிற இடத்தில், அந்த ஒருவர் என் அண்ணாவாக இருப்பதைப் பார்க்க எனக்கு நெஞ்சுரம் இல்லை. சனிக்கிழமை காலையில் வெள்ளைச் சட்டையை மடித்துப் பைக்குள் வைத்து, "போட்டு வாறன் பிள்ளை" என்பார். "பாத்துப் போட்டு வாங்கோ அண்ணா" என்பேன். கதவு சாத்தியவுடன் செபமாலையை எடுப்பேன். அவர் திரும்பி வரும்வரை சாப்பிடமாட்டேன்.

தொண்ணூற்றைந்தாம் ஆண்டு ஓகஸ்ட் கடைசியில் ஒரு சனிக்கிழமை அவர் சிரிக்காமல் வீட்டுக்கு வந்தார். இரண்டு கிழமையில் இறுதிப் போட்டி இருந்தது. அதற்கு நடு அம்பயராக அவரைத்தான் போடுவதாக இருந்தார்கள். கம்பத்தடியில் தொடங்கி நான்கு வருடமாக அவர் பார்த்திருந்தது அந்த ஒரு நாளை. அதனால் எனக்கு ஆச்சரியமாக இருந்தது. கை கால் கழுவி, சாப்பாட்டு மேசையில் இருந்து, ஒரு தாளில் இங்கிலிஷில் மெதுமெதுவாக எழுதத் தொடங்கினார்.

"என்ன அண்ணா அது?"

"ரிப்போர்ட். டேரன் ஒரு பெடியனுக்கு அடிச்சுப் போட்டான்."

டேரன் கீத்தின் தம்பி. பெரிய ஆள், நல்ல விளையாட்டுக்காரன் என்று அண்ணாவே சொல்லியிருக்கிறார்.

"பந்து அங்கால போயிட்டுது. எல்லாரும் பந்தைப் பாத்தாங்கள். நான் திரும்பினன். அவன் பின்னால போய், மூடின கையால காதடியில அடிச்சான். இதை எழுதிக் குடுத்தா விசாரணை வைப்பாங்கள். அவன் இறுதிப் போட்டி விளையாட ஏலாது."

"வேற ஆரும் கண்டதோ?"

"இல்லை."

"அப்ப நீங்களும் காணேல்லை எண்டு விடுங்கோ அண்ணா. கீத்தின்ர தம்பி. கீத்துக்குக் கீழதானே வேலை செய்யிறியள்."

அவர் பேனையை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"காணாட்டி விடலாம். கண்டனான் பிள்ளை."

அந்தச் சொல்லைக் கேட்டதும் எனக்குக் காதுக்குள் இரைந்தது. என் மனுசன் சொன்ன அதே சொல். நான் அழுதேன். "இது கனடா பிள்ளை, ஆரும் ஒண்டும் செய்யாங்கள்" என்று அண்ணா திரும்பத் திரும்பச் சொன்னார். ரிப்போர்ட் வரும் என்று மைதானத்திலேயே சொல்லி, அந்த வெறும் தாளின் அடியில் இரண்டு ரீம் கப்டன்மாரிடமும் கையெழுத்து வாங்கியிருந்தார்; வேறு தாளில் எழுதினால் எடுக்கமாட்டார்கள். திங்கட்கிழமை பின்னேரத்துக்குள் அதைக் கொண்டுபோய்க் கொடுக்கவேண்டும், பிந்தினால் செல்லாது என்றார். மடித்து, விசிலோடு வெள்ளைச் சட்டைப் பைக்குள் வைத்தார். அவருடைய அம்பயர் சாமான் எல்லாம் எப்போதும் அந்தச் சட்டையோடுதான் இருக்கும்.

அடுத்த நாள் ஞாயிறு. பூசை முடிய அண்ணா பாட்டுப் பழக நின்றுவிட்டார். நான் மட்டும் வீட்டுக்கு வந்தேன். மத்தியானம் கதவு தட்டிக் கேட்டது. ஓட்டையால் பார்த்தேன். கீத். பின்னால் சுவரோடு சாய்ந்தபடி டேரன்.

சங்கிலியைக் கழற்றாமல் கதவை ஒரு விரல் அளவு திறந்தேன். ஏன் திறந்தேன் என்று தெரியவில்லை. திறக்காவிட்டால் உடைப்பார்கள் என்று நினைத்தேனாக்கும். கீத் குனிந்து, சிரித்த முகத்தோடு, மெதுவாகப் பேசினார். எனக்கு விளங்கினது "செப்", "மை பிரதர்", "பேப்பர்", "மண்டே". கையால் ஏதோ சுற்றிக் காட்டினார். நான் எல்லாவற்றுக்கும் "யெஸ், யெஸ்" என்றேன். "தாங்க் யூ றோஸ்" என்று சொல்லிவிட்டுப் போனார்கள்.

ஞாயிற்றுக்கிழமை. இரண்டு பேர். சிரித்த முகம். சத்தம் போடாத பேச்சு. எனக்கு வேறென்ன விளங்கும்?

கதவைச் சாத்திவிட்டுக் கொஞ்ச நேரம் நிலத்தில் இருந்தேன். பிறகு எழும்பி அண்ணாவின் வெள்ளைச் சட்டையை எடுத்தேன். விசிலை வெளியே எடுத்து மேசையில் வைத்தேன். தாளை வைத்த இடத்திலேயே விட்டேன். கீழே லோன்றி அறைக்குப் போய், சட்டையை மெசினுக்குள் போட்டு, சுடுதண்ணீரில் விட்டேன். மெசினின் கண்ணாடிக் கதவுக்கு முன்னால் நின்று, அது சுழலச் சுழலப் பார்த்துக்கொண்டிருந்தேன். தாள் இல்லாவிட்டால் வழக்கு இல்லை, வழக்கு இல்லாவிட்டால் அண்ணா இருப்பார். அது ஒன்றுதான் எனக்குள் ஓடினது.

பின்னேரம் அண்ணா வந்தார். சட்டை காய்ந்து கதிரையில் கிடந்தது. பைக்குள் கையை விட்டு எடுத்தார். வெள்ளை உருண்டை ஒன்று, சோற்றுக் கட்டி மாதிரி வந்தது. நகத்தால் பிரித்துப் பார்த்தார். ஒரு எழுத்தும் இல்லை. மேசையில் கிடந்த விசிலைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"நீ பை பாக்காமல் தோய்க்கிற ஆள் இல்லையே, றோஸ்."

"மறந்துபோனன் அண்ணா."

உருண்டையை விசிலுக்குப் பக்கத்தில் வைத்தார். அடிப்பார் என்று கூட நினைத்தேன், ஒருநாளும் என்னை அடிக்காத மனிதர். கடைசியில் சொன்னார்:

"அம்பயர் கண்டதைத்தான் சொல்லலாம். நீ தோய்ச்சதை நான் காணேல்லை."

சட்டையை எடுத்து மடித்தார்.

திங்கட்கிழமை வேலை முடிய கீத்தின் காரில் போய், லீக் ஆட்களுக்கு முன்னால் நின்று, தாள் என் வீட்டில் பழுதாகிப்போனது, அதைக் கவனமாக வைக்காதது அம்பயரின் பிழை, வாயால் சொல்லலாமோ என்று கேட்டிருக்கிறார். சட்டத்தில் இடமில்லை என்றார்கள். டேரன் இறுதிப் போட்டி விளையாடினான். தாளைக் காப்பாற்றாத அம்பயருக்கு அந்தப் போட்டி கொடுக்கவில்லை. அன்றைக்கு அண்ணா வீட்டில் இருந்து வெங்காயம் உரித்தார்.

கீத்தின் காரில் போனார் என்று எழுதினேன் அல்லவா. அதை அண்ணா சொன்னபோதுதான் கேட்டேன், கீத் ஏன் ஏற்றினவர் என்று.

"ஞாயிற்றுக்கிழமை வந்து உன்னட்டைச் சொன்னவனாமே. அந்த இடத்துக்கு பஸ் இல்லை, மண்டே நான் கொண்டுபோய் விடுறன், தம்பியெண்டு யோசிக்காமல் கண்டதைக் குடு எண்டு. மன்னிப்புக் கேக்க டேரனையும் கூட்டிக்கொண்டு வந்தவனாம். நீ யெஸ் எண்டனியாம்."

நான் சமையலறைக்குள் போய்த் தண்ணீர்ப் பைப்பைத் திறந்துவிட்டு நின்றேன். அவருக்கு எல்லாம் விளங்கியிருக்கும். கேட்கவில்லை. நானும் சொல்லவில்லை. சொன்னால் என்ன நடக்கும் என்று பயம். மூன்று வருடம் ஒரே வீட்டில், ஒரே மேசையில், அந்தப் பயத்தோடு அவருக்குச் சோறு போட்டேன்.

கடவுள் புண்ணியத்தில் தொண்ணூற்றேழில் அவருக்கு இறுதிப் போட்டி கிடைத்தது. அந்த ஒரு நாள் நானும் போனேன், ஞானம் அன்ரியின் கையைப் பிடித்துக்கொண்டு. வெள்ளைச் சட்டையில் அண்ணா நடுவில் நின்றார். அவ்வளவு பெரிய ஆட்களுக்கு நடுவில் எவ்வளவு சின்னவராகத் தெரிந்தார். பந்தைக் குத்திவிட்டுப் பின்பக்கமாக ஓடினார், எங்கள் கார் பார்க்கில் ஓடினது மாதிரியே. அன்ரி, "இதுக்குத்தானோ" என்றா.

முடிய ஐந்து நிமிசம் இருக்கும்போது டேரனுக்கு எதிராக விசில் ஊதினார். டேரன் ஓடிவந்து மூக்குக்கு நேரே நின்று கத்தினான். நான் கண்ணை மூடிவிட்டேன். திறந்தபோது டேரன் சிரித்துக்கொண்டு திரும்பிப் போகிறான். வீட்டுக்கு வந்து, என்ன சொன்னீர்கள் என்று கேட்டேன்.

"நல்லாக் கத்துறாய், ஆனா எங்கட வீட்டில தங்கச்சி இதைவிடக் கத்துவா எண்டனான்."

எங்கள் அண்ணாவின் அடக்கத்துக்கு மைதானத்து ஆட்கள் முப்பது பேர் வந்திருந்தார்கள். டேரன் பெட்டி தூக்கினான். கம்பத்தடியில் கொடி வீசுகிற கோல் அம்பயர்கள் வெள்ளைக் கோட்டோடு வந்தார்கள். சாமியார் செபம் சொல்லி முடித்ததும், ஒரு வயதான அம்பயர் குழியின் தலைப்பக்கம் நின்று இரண்டு வெள்ளைக் கொடிகளையும் வீசினார். மற்ற இரண்டு கொடிகளையும் கீத் என் கையில் தந்து, என்னைக் கால்பக்கம் கொண்டுபோய் விட்டார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நீ காட்டினதை நானும் கண்டேன் என்று நான் வீசவேண்டும். அண்ணா சமையலறையில் துவாயோடு நின்று சொல்லித் தந்தது எனக்கு மறக்கவில்லை. ஆனால் என் கை எழும்பவில்லை. அந்தக் கிழவர் பார்த்துக்கொண்டே நின்றார். பிறகு கீத் மெதுவாக வந்து கொடிகளை வாங்கிக்கொண்டார். துக்கத்தில் ஏலாமல் போய்விட்டது என்று எல்லாரும் நினைத்திருப்பீர்கள். காரணம் துக்கம் இல்லை. அந்தத் தாளைக் கரைத்த கையால் எப்படி வீசுவது என்று பயந்தேன்.

ஆகவே இதை எழுதுகிறேன். தொண்ணூற்றைந்தாம் ஆண்டு டேரன் அடித்ததை என் அண்ணா கண்டார். கண்டபடியே எழுதினார். அதைத் தண்ணீரில் கரைத்தது அவர் இல்லை, அவருடைய கவனக்குறைவும் இல்லை. நான். வேண்டுமென்றே செய்தேன். யாரும் காணவில்லை, நான் கண்டேன். கீத்துக்கு யாராவது இந்தப் பந்தியை இங்கிலிஷில் வாசித்துக் காட்டுங்கோ. நேரம் பிந்தின ரிப்போர்ட் செல்லாது என்று எனக்குத் தெரியும். என்றாலும் கொடுக்கிறேன்.

கொடிகளைக் கீத் பிறகு வீட்டுக்குக் கொண்டுவந்து தந்தார். அண்ணாவின் வெள்ளைச் சட்டைக்குப் பக்கத்தில் வைத்திருக்கிறேன். முப்பத்தோராம் நாள் பூசை முடிய எல்லாரும் கல்லறைக்குப் போகும்போது அவற்றையும் எடுத்துக்கொண்டு வருவேன். கால்பக்கம் நின்று வீசுவேன். அந்த வயதான அம்பயரையும் வரச் சொல்லியிருக்கிறேன். அவர் தலைப்பக்கம் நிற்பார்.

பாத்துப் போட்டு வாங்கோ அண்ணா. நான் இண்டைக்குச் சாப்பிட்டிட்டன்.

தங்கை றோஸ்